ஃப்ளோரிடாவுக்கு அப்பா அம்மாவை அழைத்து வருபவர்களுக்கு

சோஷியல் செக்யூரிட்டி எண், வங்கிக் கணக்கு, ஓட்டுநர் உரிமம் பற்றியெல்லாம் ஆபீஸில் இருப்பவர்களே சொல்லிவிடுவார்கள். யாரும் சொல்லாதது ஒன்று உண்டு: அடுத்த வீட்டுச் செம்பருத்தியைப் பறிக்கக் கூடாது.

டாம்பாவில் என் நண்பனின் அப்பா, வந்த புதிதில், விடியற்காலையில் பூஜைக்குப் பூப் பறிக்கப் போனார். மதில் இல்லை, கேட் இல்லை, ஊரில் தெருவோரச் செடியில் பறிப்பது போலத்தான் பறித்தார். வீட்டுக்காரர் துப்பாக்கியோடு வெளியே வந்து கத்தினார். இவருக்குக் காது மந்தம். விளக்கம் சொல்லலாம் என்று அவரை நோக்கியே நடந்தார். எதிர்வீட்டு அம்மாள் ஓடிவந்து தடுத்ததால் உயிர் தப்பியது. போலீஸ் எச்சரித்தது பெரியவரைத்தான், துப்பாக்கி நீட்டியவரை அல்ல. மறுவாரமே டிக்கெட்டை மாற்றிக்கொண்டு ஊருக்குப் போய்விட்டார். பேத்தியின் பிறந்தநாளுக்குக்கூட நிற்கவில்லை. எனக்கு இன்னும் மனசு ஆறவில்லை.

இங்கே 2005-இல் வந்த சட்டப்படி, உயிருக்கு ஆபத்து என்று நியாயமாக அஞ்சுபவர் விலகிப் போக வேண்டியதில்லை, சுடலாம். 2017 முதல், அது தற்காப்பு இல்லை என்று வழக்கு விசாரணைக்கு முன்பே நிரூபிக்கும் பொறுப்பும் அரசுத் தரப்புக்குப் போய்விட்டது. சரி, யாரைப் பார்த்தால் அச்சம் வருகிறது? 2012-இல் சான்ஃபோர்டில் கையில் ஆயுதம் எதுவும் இல்லாத 17 வயது கறுப்பினப் பையன் ட்ரேவன் மார்ட்டினைச் சுட்டுக் கொன்றவர் மறுவருடம் விடுதலையானார். அதே 2012-இல், ஜாக்சன்வில்லில் கணவனுக்குப் பயந்து எச்சரிக்கையாகச் சுட்ட ஒரு கறுப்பினப் பெண்ணுக்கு 20 ஆண்டு சிறை. குண்டு யார்மேலும் படவில்லை. மேல்முறையீட்டில்தான் அது ரத்தானது.

"அது கறுப்பர்கள் பிரச்சினை" என்று நம்மவர்கள் பேசுவதைக் கேட்டால் எரிச்சலாக வருகிறது. 2015-இல் அலபாமாவில், குஜராத்திலிருந்து மகன் வீட்டுக்கு வந்திருந்த பெரியவர் காலை நடை போனார். யாரோ கறுப்பர் உலாவுகிறார் என்று ஒருவர் போலீஸுக்குப் போன் செய்தார். போலீஸ்காரர் தரையில் தள்ளியதில் அவருக்கு முதுகுத்தண்டில் அடிபட்டது.

அப்பா அம்மா வெளியே போகும்போது உங்கள் முகவரியும் போன் எண்ணும் எழுதிய அட்டையைக் கொடுத்தனுப்புங்கள். விருந்துக்குப் போனால் வீட்டு எண்ணைப் பார்த்த பிறகே மணி அடியுங்கள். போலீஸ் நிறுத்தினால் கைகள் வெளியே தெரியட்டும், பாஸ்போர்ட் எடுக்கிறேன் என்று பையில் கைவிட வேண்டாம்.

அப்புறம், பாதுகாப்புக்கு நாமும் துப்பாக்கி வாங்கலாமா என்று கேட்கும் தம்பிகளுக்கு: எச்1பி போன்ற தற்காலிக விசாவில் இருப்பவர் துப்பாக்கி வைத்திருப்பது, வேட்டை உரிமம் போன்ற சில விலக்குகள் தவிர, மத்திய அரசுச் சட்டப்படி குற்றம்.