பழைய வீட்டைக் கண்ணை மூடியும் பாருங்கள்

புதுச்சேரியில் வைசியாள் வீதிப் பக்கம் பழைய வீடு பார்க்கப் போகிறவர்கள் முதலில் கைபேசியைத்தான் எடுக்கிறார்கள். அதைப் பையில் வையுங்கள். பிற்பகல் 2 மணி வாக்கில் போங்கள். ஏசி காரிலிருந்து இறங்கி நேராக நுழைந்தால் தோலுக்கு ஒன்றும் உறைக்காது. 10 நிமிடம் வெயிலில் நடந்துவிட்டு வாருங்கள்.

வீட்டாரிடம் கேட்டு, செருப்பைக் கழற்றிவிட்டு, தாழ்வாரம், திண்ணை, ரேழி (வாசலிலிருந்து உள்ளே போகும் நடை), முற்றம் என ஒவ்வொன்றிலும் ஒரு நிமிடம் நில்லுங்கள். தரையின் சூடு மாறுவதை உள்ளங்கால் சொல்லும். முற்றத்தில் கண்ணை மூடி ஒருமுறை கை தட்டுங்கள். திறந்த முற்றமென்றால் ஓசையில் பெரும்பகுதி வானத்துக்குப் போய்விடும். மேலே பிளாஸ்டிக் ஷீட் போட்டு மூடியிருந்தால் ஓசை அங்கேயே சுற்றும், சூடான காற்றும் வெளியேறாது. மழைக்குப் பயந்து செய்கிற இந்த வேலை வீட்டின் மூச்சையே அடைத்துவிடுகிறது.

அடுத்தது சுவர். இதற்குத்தான் அதிக நேரம் கொடுக்க வேண்டும். சுண்ணாம்புப் பூச்சு உள்ளங்கைக்கு வழவழப்பாக, குளிர்ச்சியாக இருக்கும். கீழே முழங்கால் உயரத்தில் தடவிப் பாருங்கள். மாவு போல் உதிர்ந்து ஈர வாடை அடித்தால், பக்கத்தில் சிமெண்ட் ஒட்டு இருக்கிறதா என்று தேடுங்கள். சுண்ணாம்பு ஈரத்தை வெளியே விடும், சிமெண்ட் தடுக்கும். தடுக்கப்பட்ட ஈரம் உப்போடு ஒட்டுக்கு மேலே ஏறி, பழைய பூச்சைப் பெயர்க்கும். விரல் முட்டியால் மெல்லத் தட்டினால் பூச்சு விட்டுப்போன இடம் உள்ளே காலியாக இருப்பதுபோல் ஒலிக்கும். அங்கே அழுத்த வேண்டாம், உதிர்ந்துவிடும்.