பழைய படம் தேடுவோருக்கு

வீட்டில் பழைய வீஎச்எஸ் கெசட் இருந்தால் முதலில் டேப்பின் ஓரத்தைப் பாருங்கள். வெள்ளையாகத் தூள் படிந்திருந்தால் அது பூஞ்சணமாக இருக்கலாம். நுவரெலியா, ஹட்டன் ஈரத்துக்கு இது சகஜம். அப்படியே டெக்கில் போட்டுவிடாதீர்கள். டேப்பைப் படிக்கும் ஹெட்டில் ஒட்டி அடுத்த கெசட்டுக்கும் தாவும். சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுத்து டிஜிட்டலாக்குங்கள்.

இணையத்தில் தேட, பழைய படம், புத்தகம் எல்லாம் சேர்த்து வைத்திருக்கும் இன்டர்நெட் ஆர்கைவ் (archive.org) என்ற தளம் நல்ல இடம். தமிழ்ப் பெயரை ஆங்கில எழுத்தில் ஆளுக்கொரு விதமாக எழுதி வைத்திருப்பார்கள், அதுதான் தலைவலி. நடிகர் பெயர், வெளிவந்த ஆண்டு என்று மாற்றி மாற்றிப் போட்டுப் பாருங்கள். கிடைத்தால் சின்னக் கோப்பு வேண்டாம், 'ஒரிஜினல்' என்றிருப்பதையே எடுங்கள். அங்கே டொரன்ட் (கோப்பைத் துண்டு துண்டாக இறக்கும் முறை) இருந்தால் அதில் இறக்குங்கள், மழையில் சிக்னல் அறுந்தாலும் விட்ட இடத்திலிருந்து தொடரும். அப்புறம், இன்னொரு ஹார்ட் டிஸ்க்கிலும் ஒரு கொப்பி போட்டு வையுங்கள். உரிமை யாருடையது என்று தெரியாமல் நீங்களாக எதையும் பதிவேற்ற வேண்டாம்.