ஐடா எந்த எடிஷன் போடணும், போட்டப்புறம் எங்க ஆரம்பிக்கணும்

ரிவர்ஸ் இன்ஜினியரிங், அதாவது கம்பைல் ஆன ப்ரோக்ராமை பிரிச்சு உள்ள எப்படி வேலை செய்யுதுனு பாக்குறது, கத்துக்கலாம்னு உக்காந்தா மொதல்ல குழப்புறது அதுக்கான டூல் ஐடா (IDA) தான். பழைய வீடியோல "ஐடா64 ஓபன் பண்ணுங்க"ம்பாங்க, உங்க ஃபோல்டர்ல தேடுனா அப்படி ஒண்ணு இருக்காது. முன்னாடி 32 பிட்டுக்கு ஒண்ணு 64 பிட்டுக்கு ஒண்ணுனு ரெண்டா இருந்துச்சு, 2024ல வந்த 9.0 வெர்ஷன்ல ஒண்ணாக்கிட்டாங்க, அவ்ளோதான்.

இல்ஃபாக் கில்ஃபானோவ்ங்கிறவர் 90கள் ஆரம்பத்துல டாஸ்ல எழுதுனது இது. ரொம்ப வருஷம் வெறும் அசெம்ப்ளி (ப்ராசஸருக்கான கட்டளைகள்) தான் காட்டும், 2007ல அதை திருப்பி கோடா மாத்துற ஹெக்ஸ்-ரேஸ் டீகம்பைலர் வந்தப்புறம் தான் சி லாங்குவேஜ் மாதிரி படிக்க முடிஞ்சுது. இப்ப ப்ரோ, ஹோம், ஃப்ரீனு இருக்கு. ப்ரோ கம்பெனி காசு போட்டா பாத்துக்கலாம். ஹோம் 2020ல வந்துச்சு, நீங்க வாங்குற ஒரு ப்ராசஸர் குடும்பத்துக்கு மட்டும் தான். கத்துக்க ஃப்ரீ போதும், ஆனா அது பிசி ப்ராசஸர் ஃபைலை மட்டும் தான் திறக்கும், டீகம்பைல் வேலை அவங்க சர்வர்ல நடக்கும், அதனால ஆபீஸ் ஃபைலை அதுல போட்டுடாதீங்க. ரவுட்டர் ஃபர்ம்வேர் (ரவுட்டருக்குள்ள ஓடுற சாஃப்ட்வேர்) மாதிரி வேற ப்ராசஸர் ஃபைல் ஏதாச்சும்னா கீட்ராங்கிற (Ghidra) இதே மாதிரி டூலுக்கு போயிடுங்க, அமெரிக்காவோட உளவு அமைப்பு என்எஸ்ஏ 2019 மார்ச்சுல ஓசியா விட்டது, அது ஓட ஜாவா ஜேடிகே மட்டும் போட்டுக்கணும்.

சரி, வேலைக்கு வருவோம். அடுத்தவன் சாஃப்ட்வேர் வேணாம், நீங்களே சி லாங்குவேஜ்ல ஒரு குட்டி ப்ரோக்ராம் எழுதுங்க, பாஸ்வேர்டு கேக்கணும், "வடை123"னு குடுத்தா "உள்ள வா"னு சொல்லணும், எல்லாத்தையும் இங்கிலீஷ் எழுத்துலயே அடிங்க. கம்பைல் பண்ணி ஐடால போட்டு ஷிஃப்ட்+எஃப்12 அமுக்குனா ஸ்ட்ரிங் லிஸ்ட் வரும், உங்க வடை அங்க பச்சையா உக்காந்திருக்கும். அதை டபுள் கிளிக் பண்ணி, பேர் மேல கர்சர் வெச்சு X கீ அமுக்குங்க, எந்த ஃபங்ஷன் அதை யூஸ் பண்ணுதுனு காட்டும். அங்க போய் எஃப்5 அமுக்குனா டீகம்பைல் ஆன கோட் வரும். வேரியபிள் எல்லாம் வி4, வி5னு வரும், ஒவ்வொண்ணா N கீ அமுக்கி பேர் வைங்க, கோட் தன்னால புரிய ஆரம்பிக்கும். ஜிசிசிங்கிற கம்பைலர்ல கம்பைல் பண்ணிருந்தா நீங்க எழுதுன பிரிண்ட்எஃப் (printf) சில எடத்துல புட்ஸ்னு (puts) மாறியிருக்கும், பயப்படாதீங்க, கம்பைலர் பண்ற வேலை.

தெரியாம U கீ அமுக்கிட்டா கோட் எல்லாம் வெறும் பைட்டா கொட்டிடும், எனக்கு மொத நாளே ஆச்சு. கண்ட்ரோல்+இசட் போடுங்க, ஐடா 7.3 வெர்ஷனுக்கு முன்னாடி அதுவும் கிடையாது.