பேஸ்பால் ஸ்டேடியம் ரோட் ட்ரிப் போறீங்களா? மேப்பை மூடிட்டு முதல்ல ஷெட்யூலைத் திறங்க

முதல் தடவை நான் என்ன பண்ணேன்னா, கூகுள் மேப்ஸைத் திறந்து நியூஜெர்சில இருந்து சிகாகோ வரைக்கும் ஸ்டேடியம் ஸ்டேடியமா புள்ளி வெச்சு அழகா ஒரு கோலம் போட்டேன், ரெண்டு ஊர்ல ஹோட்டல்கூட புக் பண்ணிட்டேன், அப்புறம்தான் ஷெட்யூலைப் பாத்தா நாங்க பிட்ஸ்பர்க்ல இருக்கப்போற ரெண்டு நாளும் அந்த ஊர் பைரேட்ஸ் டீம் கலிஃபோர்னியால ஆடிக்கிட்டிருக்கு. ஹோட்டல்காரன் காசு திருப்பித் தரலை. மச்சான் இன்னிக்கும் அதைச் சொல்லிக் காட்டுவான்.

விஷயம் இவ்வளவுதான். மேஜர் லீக் பேஸ்பால்ல மொத்தம் 30 டீம், ஒவ்வொரு டீமுக்கும் சீசனுக்கு 162 மேட்ச், அதுல 81தான் சொந்த ஊர்ல. அதாவது எந்த நாள் எடுத்தாலும் கொறஞ்சது பாதி ஸ்டேடியம் பூட்டித்தான் கிடக்கும். அதனால ரூட்டை நீங்க முடிவு பண்ண முடியாது, ஷெட்யூல்தான் முடிவு பண்ணும்.

நான் இப்போ பண்றது இப்படி. எக்ஸெல்ல தேதியெல்லாம் கீழ வரிசையா, ஊரெல்லாம் மேல வரிசையா போட்டுக்கறேன். ஒவ்வொரு டீமோட ஷெட்யூலையும் பாத்து, ஹோம் கேம், அதாவது சொந்த ஊர் மேட்ச் இருக்கற கட்டத்துல மட்டும் ஸ்டார்ட் டைமை எழுதறேன். இங்க ஒரு சின்ன விஷயத்துல நிறைய பேர் கோட்டை விடுவாங்க, எதிர் டீம் பேருக்கு முன்னாடி அந்த ஈமெயில்ல வர்ற 'அட்' குறி இருந்தா நம்ம டீம் வெளியூர் போகுதுன்னு அர்த்தம், அதைப் பாக்காம டிக்கெட் தேடாதீங்க. பெரும்பாலும் ஒரு ஊர்ல மூணு நாள், சில சமயம் நாலு நாள் தொடர்ந்து ஆடுவாங்க, திங்கக்கிழமையும் வியாழக்கிழமையும்தான் நிறைய டீமுக்கு லீவு விழும், அதனால நீண்ட டிரைவ் எல்லாத்தையும் அந்த ரெண்டு நாள்ல தள்ளிடுங்க. ஜூலை நடுவுல ஆல்ஸ்டார் பிரேக்னு சில நாள் எங்கயுமே சாதா மேட்ச் கிடையாது, அந்த வாரத்துல லீவு போட்டுடாதீங்க.

கட்டம் நிரம்பினதும் எல்லாத்தையும் ஒரே நேரத்துல பொருத்தப் பாக்காதீங்க, தலை சுத்தும். ரொம்ப ஆசைப்படற ஒரு மேட்சை மட்டும் ஆணி அடிச்ச மாதிரி வெச்சுக்கிட்டு அங்கிருந்து முன்னாடியும் பின்னாடியும் நகருங்க. எங்களுக்கு அது சிகாகோ கப்ஸ் டீமோட மைதானம் ரிக்லி ஃபீல்டு, வெள்ளிக்கிழமை மதியம் 1:20 மேட்ச். ரிக்லில மதியம்தான் பாக்கணும்னு எனக்கு ஒரு பிடிவாதம். 1914ல கட்டின மைதானம், 1988 வரைக்கும் லைட்டே கிடையாது, வெயில்லயே ஆடின இடம். அவுட்ஃபீல்டு சுவர் முழுக்க 1937ல நட்ட கொடி படர்ந்திருக்கும், பந்து அதுக்குள்ள சிக்கிக்கிட்டா ஃபீல்டர் ரெண்டு கையையும் மேல தூக்கிடுவாரு, பேட்டருக்கு ரெண்டு பேஸ், அதாவது ஓடிச் சேர வேண்டிய நாலு மூலைல ரெண்டு. என் பொண்ணு அந்த ஒரு சீனுக்காகவே மூணு மணி நேரம் காத்துக்கிட்டிருந்தா, வரவே இல்லை.

எங்க ரூட் கடைசில இப்படி அமைஞ்சுது: ஃபிலடெல்ஃபியா, பால்டிமோர், வாஷிங்டன், பிட்ஸ்பர்க், கிளீவ்லாண்ட், டெட்ராய்ட், சிகாகோ, மில்வாக்கி. ஃபில்லில இருந்து பால்டிமோர் கிட்டத்தட்ட 100 மைல், அங்கிருந்து வாஷிங்டன் 40தான், வாஷிங்டன்ல இருந்து பிட்ஸ்பர்க் 245 போல வரும், பிட்ஸ்பர்க்-கிளீவ்லாண்ட் 135, கிளீவ்லாண்ட்-டெட்ராய்ட் 170, டெட்ராய்ட்-சிகாகோ 280, கடைசில மில்வாக்கி 90. ஒரு நாளைக்கு 300 மைலுக்கு மேல போகாம பாத்துக்கங்க, ராத்திரி மேட்ச் முடிஞ்சு பார்க்கிங்ல இருந்து வெளிய வர்றதுக்கே 11 ஆயிடும், அதுக்கப்புறம் நாலு மணி நேரம் ஓட்டறதெல்லாம் காலேஜ் வயசுல பண்ண வேண்டியது.

பால்டிமோரும் வாஷிங்டனும் ஒரே நாள்ல ஹோம் கேம் வெச்சிருந்தா, அதுலயும் ஒண்ணு மதியம் ஒண்ணு சாயங்காலம்னு இருந்தா விடவே விடாதீங்க. 2023ல பிட்ச் கிளாக், அதாவது பந்தை இத்தனை செகண்டுக்குள்ள எறியணும்ங்கற கடிகாரம் கொண்டு வந்ததுல இருந்து ஒரு மேட்ச் சராசரியா 2 மணி 40 நிமிஷத்துல முடிஞ்சுடுது, அதனால ரெண்டும் ஒரே நாள்ல நடக்கற காரியம்தான். வாஷிங்டன் போற வழில டிராஃபிக் இருக்கும், நாங்க ரெண்டாவது இன்னிங்ஸ்லதான் உள்ள போனோம் (கிரிக்கெட் மாதிரி இல்லை, இதுல மொத்தம் ஒம்பது இன்னிங்ஸ்).

அடுத்தது மழை. இதை யாரும் எழுதறதில்லை. எங்க மொதல் ட்ரிப்ல கிளீவ்லாண்ட்ல ரெண்டு மணி நேரம் தார்ப்பாயை இழுத்து மூடி வெச்சிட்டு, நாங்க தூண் ஓரமா நின்னு பாப்கார்ன் தின்னுக்கிட்டிருந்தோம், கடைசில மேட்ச் ஆகஸ்ட்டுக்குத் தள்ளிப்போச்சு. டிக்கெட் அந்த நாளுக்கு செல்லும்தான், ஆனா நியூஜெர்சில இருந்து அதுக்குன்னு யார் போறது? இன்னொண்ணு, அஞ்சு இன்னிங்ஸ் ஆடி முடிச்சப்புறம் மழை வந்து நிறுத்தினா அது முழு மேட்ச் கணக்குதான், டிக்கெட் திரும்ப வராது. அதனால ரெண்டாவது தடவை ஒரு விதி வெச்சுக்கிட்டோம், நாலு ஸ்டேடியத்துக்கு ஒரு நாள் சும்மா. மழை வரலைன்னா அந்த நாள் ஸ்டேடியம் டூர் போகலாம், துணி துவைக்கலாம், தூங்கலாம். மில்வாக்கி, டொரோண்டோ, சியாட்டில், ஹூஸ்டன் மாதிரி கூரை மூடற ஸ்டேடியத்துக்கு இந்தக் கவலை கிடையாது, அதனால மில்வாக்கியைக் கடைசி நாளா தைரியமா வெச்சோம்.

டொரோண்டோ போகணும்னா எச்1பி வேலை விசால இந்தியன் பாஸ்போர்ட் வெச்சிருக்கறவங்க கனடா விசாவைத் தனியா வாங்கணும், மாசக் கணக்குல முன்னாடியே ஆரம்பிங்க. விசா கிடைச்சா போகாம இருக்காதீங்க, மேட்சுக்கு மேட்சும் ஆச்சு, ஸ்கார்பரோல கொத்து ரொட்டிக்கு கொத்து ரொட்டியும் ஆச்சு.

சீட் எங்க எடுக்கறது? மதிய மேட்சுன்னா நிழல்தான் முக்கியம். நிறைய பார்க்ல ஹோம் பிளேட்ல (பேட்டர் நிக்கற இடம்) இருந்து நேர் எதிர்ல இருக்கற சென்டர் ஃபீல்டு வடகிழக்கு, கிழக்குப் பக்கமா பாத்து இருக்கும், அதனால மேற்கு வெயில் மூணாவது பேஸ் (ஹோம் பிளேட்ல இருந்து பாத்தா இடது கைப் பக்கம்) பக்கத்து ஆளுங்களோட முதுகுப்பக்கம் போயிடும், அந்தப் பக்கம் மேல் வரிசைல எடுத்தா நிழல் சீக்கிரம் வரும். எல்லா பார்க்கும் அப்படி இல்லை, டெட்ராய்ட் தெற்கு பாத்தது, அதனால டிக்கெட் வாங்கறதுக்கு முன்னாடி திசையை மேப்ல ஒரு தடவை பாத்துடுங்க.

பிட்ஸ்பர்க்ல மட்டும் நிழலையெல்லாம் மறந்துடுங்க. பிஎன்சி பார்க்ல ஹோம் பிளேட்டுக்குப் பின்னாடி உச்சில, இருக்கறதுலயே சீப்பான டிக்கெட் போதும், அவுட்ஃபீல்டுக்கு அந்தப் பக்கம் அலெகெனி ஆறு, அதுமேல மஞ்சள் பாலம், அதுக்கும் பின்னாடி ஊரோட கட்டடமெல்லாம் வரிசையா நிக்கும், சாயங்காலம் ஒவ்வொரு ஜன்னலா லைட் எரிய ஆரம்பிக்கும். காரை டவுன்டவுன்லயே விட்டுட்டு ராபர்டோ கிளெமெண்டே பாலத்துல நடந்து வாங்க, மேட்ச் நாள்ல பாலத்துல வண்டி விடமாட்டாங்க. கிளெமெண்டே பைரேட்ஸ் டீம்ல ஆடினவர், கரெக்டா 3000 ஹிட்டோட (பந்தை அடிச்சு பேஸைப் பிடிக்கறது) நின்னுபோனவர், 1972 டிசம்பர் 31 அன்னிக்கு நிகராகுவா பூகம்பத்துக்கு நிவாரணப் பொருள் கொண்டு போன விமானம் கடல்ல விழுந்து இறந்தார். அவரோட ஜெர்சி நம்பர் 21, அதனாலதான் இந்த பார்க்ல ரைட் ஃபீல்டு சுவர் 21 அடி உயரம். இதை மச்சான் சொன்னப்புறம் பொண்ணு மேட்சை விட்டுட்டு அந்தச் சுவரையே பாத்துக்கிட்டிருந்தா.

டிக்கெட் எல்லாம் ஃபோன்லதான், கேட்ல நெட்வொர்க் திணறும், முன்னாடியே வாலெட்ல போட்டு வெச்சிடுங்க, பவர் பேங்க் வேணும். நடு வாரம்னா பல ஊர்ல அன்னிக்குக் காலைல வாங்கினாலே விலை இறங்கியிருக்கும். கப்ஸ், பாஸ்டன், யாங்கீஸ் மூணையும் மட்டும் முன்னாடியே வாங்கிடுங்க. நிறைய இடத்துல பேக்பேக் விடமாட்டாங்க, கேட்ல போய் தகராறு பண்ணிப் பிரயோஜனம் இல்லை, அந்தந்த ஸ்டேடியம் சைட்ல அளவைப் பாத்துக்கங்க.

சாப்பாடு நம்ம ஆளுங்களுக்குப் பெரிய விஷயம். பால்டிமோர், ஃபிலடெல்ஃபியா மாதிரி நிறைய பார்க்ல வெளிச் சாப்பாடு எடுத்துட்டுப் போகலாம், சீல் பிரிக்காத தண்ணி பாட்டிலும் விடறாங்க. நாங்க ஜிப்லாக் கவர்ல புளியோதரை கட்டிக்கிட்டுப் போனோம், செக்யூரிட்டி அம்மா தூக்கிப் பாத்துட்டு வாசனை நல்லா இருக்குன்னு சிரிச்சிட்டு விட்டுட்டாங்க. ஐஸ்கிரீம் மட்டும் உள்ளயே வாங்குங்க, குட்டி ஹெல்மெட்ல போட்டுத் தருவாங்க, டீம் டீமா அதைச் சேத்தா தனியா வேற நினைவுப் பொருள் வாங்கவே வேணாம்.

சிகாகோல காரை ஹோட்டல்லயே விட்டுடுங்க. ரிக்லி சுத்து வட்டாரம் முழுக்க வீடுங்க, ராத்திரி மேட்சுன்னா தெருவுல பர்மிட் இல்லாம நிறுத்தினா தூக்கிட்டுப் போயிடுவாங்க. ரெட் லைன் டிரெய்ன்ல அடிசன்ல இறங்கினா கப்ஸ், அதே லைன்ல தெக்கால போனா சாக்ஸ்-35ன்னு ஸ்டேஷன் பேரே இருக்கு, அது சிகாகோவோட இன்னொரு டீம் வொயிட் சாக்ஸ். அப்புறம் டெட்ராய்ட்ல இருந்து சிகாகோ வரும்போது மணி ஒண்ணு பின்னாடி போகும், லாபம்தான், ஆனா திரும்பி வரும்போது அந்த ஒரு மணி நேரம் பறிபோகும்ங்கறதை ஷீட்ல எழுதி வெச்சுக்கங்க.

டோலுக்கு ஈஸிபாஸ் (கார்ல ஒட்டற எலக்ட்ரானிக் டேக்) ஒண்ணு இருந்தா நியூஜெர்சில இருந்து இல்லினாய் வரைக்கும் அதுவே போதும். பென்சில்வேனியா டர்ன்பைக் மட்டும் பர்ஸைக் கிழிக்கும். வாடகைக் கார் எடுத்து வேற ஊர்ல விடறதுன்னா ஒன்வே சார்ஜை முன்னாடியே கேட்டுடுங்க, எங்களுக்கு வந்த கொட்டேஷன்ல அது மொத்த டிக்கெட் செலவையும் தாண்டிடுச்சு, அதனால சொந்த வண்டிலயே திரும்பினோம். மில்வாக்கில இருந்து வீடு கிட்டத்தட்ட 900 மைல், ஒரே மூச்சுல ஓட்டாதீங்க, வழில டொலீடோல டெட்ராய்ட் டீமோட மைனர் லீக் டீம் மட் ஹென்ஸ் ஆடுது, அன்னிக்கு ஹோம் கேமா இருந்தா அங்கயே இறங்கிடுங்க, டிக்கெட் சல்லிசு, ஸ்டேடியம் ஊருக்கு நடுவுலயே இருக்கு, நாங்க அஞ்சாவது வரிசைல உக்காந்து பாத்தோம்.