பல துகள்கள் ஒன்றையொன்று பாதிக்கும்போது தோராயக் கணக்குப் போடுவது எப்படி

பத்துக்குப் பத்து கட்டம் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு கட்டத்திலும் ஓர் அம்புக்குறி, மேல்நோக்கியோ கீழ்நோக்கியோ நிற்கலாம். மொத்தம் நூறே அம்புகள். ஆனால் அவை நிற்கக்கூடிய நிலைகளின் எண்ணிக்கை 2-இன் 100-ஆம் அடுக்கு, 1.27-ஐ எழுதி 10-இன் 30-ஆம் அடுக்கால் பெருக்க வேண்டும். நொடிக்கு 100 கோடி நிலைகளைப் பார்க்கும் கணினியிடம் கொடுத்தாலும் முழுவதையும் பார்த்து முடிக்கப் பேரண்டத்தின் வயதைப்போல் ஏறத்தாழ 3,000 மடங்கு காலம் பிடிக்கும். காந்தம், நோய்த்தொற்று, நரம்பு வலை, பிழைதிருத்தும் குறியீடு என்று எங்கே போனாலும் இந்தச் சுவர்தான் எதிரே நிற்கிறது. ஆகவே எதையாவது விட்டுவிட்டுத்தான் கணக்கிட வேண்டும்.

எதை விடுகிறோம் என்று தெரிந்து விடுவதுதான் இந்த வேலையின் உயிர். உருவகப்படுத்தும் நிரலோடு என்னிடம் வருபவர்களிடம் நான் முதலில் கேட்பது இதுதான்: "காகிதத்தில் என்ன விடை வந்தது?" கணினி ஓர் எண்ணைத் தரும், அந்த எண் ஏன் வந்தது என்று சொல்லாது. இரண்டு படிகளைப் பென்சிலால் ஏறிவிட்டு மூன்றாவது படிக்குக் கணினியிடம் போங்கள். அந்த வரிசையில்தான் இங்கே சொல்லப்போகிறேன்.

முதலில் எழுதிவைக்க வேண்டியவை

ஒரு துகள் என்னென்ன நிலைகளில் இருக்கலாம், யார் யாரைப் பாதிக்கிறார்கள், எவ்வளவு தூரத்துக்கு அந்தப் பாதிப்பு எட்டுகிறது, நமக்கு வேண்டியது அமைதியடைந்த பிறகான சராசரியா அல்லது காலப்போக்கில் நடக்கும் மாற்றமா. இவற்றை ஒரு பக்கத்தில் எழுதுங்கள். பாதிப்பின் எட்டுதூரத்தை மறந்துவிடாதீர்கள். பின்னால் வரும் முடிவுகளில் பாதி அதை வைத்துத்தான்.

நமது எடுத்துக்காட்டு ஐசிங் மாதிரி. சதுரக் கட்டம், ஒவ்வோர் அம்புக்கும் நான்கு அண்டை அம்புகள். அண்டை அம்போடு ஒரே திசையில் நின்றால் ஆற்றல் 1 குறையும். எதிர்த்து நின்றால் 1 கூடும். வெப்பநிலையை இதே அலகில் அளக்கிறோம்; அதை வெ என்று குறிப்போம்.

முதல் படி: சராசரிப் புலம்

பியர் வைஸ் 1907-இல் காந்தங்களுக்குச் செய்தது இது. ஓர் அம்பைச் சுற்றியுள்ள நான்கு அம்புகளும் நொடிக்கு நொடி மாறிக்கொண்டிருக்கின்றன. அந்த மாற்றத்தை மறந்துவிட்டு, நான்கின் இடத்திலும் சராசரியை வையுங்கள். சராசரி ம என்றால் அந்த அம்பு உணரும் புலம் 4ம. அந்தப் புலத்தில் நிற்கும் தனி அம்பின் சராசரியைக் கணக்கிடுவது எளிது. டான்ஹெச் (tanh) என்ற சார்பு அதைத் தரும். பெரும்பாலான அறிவியல் கால்குலேட்டர்களில் இது இருக்கிறது. சிறிய எண்ணைக் கொடுத்தால் ஏறத்தாழ அதையே திருப்பித் தரும். பெரிய எண்ணைக் கொடுத்தால் 1-ஐ நெருங்கி நின்றுவிடும். நாம் பார்க்கும் அம்பும் மற்றவற்றைப் போன்ற ஒன்றுதான் என்பதால் அதன் சராசரியும் ம ஆகவே இருக்க வேண்டும்:

ம = டான்ஹெச்(4ம ÷ வெ)

10-இன் 30-ஆம் அடுக்குக் கணக்கு ஒரே வரியாகச் சுருங்கிவிட்டது. வெ = 3 என்று வைத்து, கால்குலேட்டரில் ம = 1-இலிருந்து தொடங்குங்கள். முதல் முறை 0.870 வரும். அதையே மீண்டும் உள்ளே போட்டால் 0.821. பிறகு 0.799, 0.787 என்று இறங்கி, 0.7755-இல் வந்து நின்றுவிடும். இதன் பொருள், இந்த வெப்பநிலையில் அம்புகளில் பெரும்பாலானவை ஒரே பக்கம் நிற்கின்றன என்பது.

இங்கே ஒரு கண்ணி உண்டு. ம = 0 எப்போதுமே ஒரு விடை. பூச்சியத்திலிருந்து தொடங்கினால் பூச்சியத்திலேயே இருப்பீர்கள். ஆகவே 1-இலிருந்து ஒரு முறை, 0.01-இலிருந்து ஒரு முறை என்று இரண்டு தொடக்கங்களையாவது பாருங்கள். விடைகள் வேறுபட்டால் கட்டிலா ஆற்றல் (ஆற்றலிலிருந்து, வெப்பநிலையால் பெருக்கிய குழப்பத்தின் அளவைக் கழித்தது) எதற்குக் குறைவோ அதை எடுத்துக்கொள்ளுங்கள். சராசரிப் புலத்தில் கிடைக்கும் கட்டிலா ஆற்றல் உண்மை மதிப்புக்குக் கீழே ஒருபோதும் போகாது. அதனால் குறைவானதே உண்மைக்கு அருகில் இருக்கும்.

ம மிகச் சிறியதாக இருக்கும்போது சமன்பாடு ம = 4ம ÷ வெ என்றாகிவிடும். ஆகவே மாறுநிலை வெப்பநிலை 4. அதற்குக் கீழே ஒழுங்கு, மேலே குழப்பம்.

இப்போது உண்மையோடு ஒப்பிடுவோம். லார்ஸ் ஆன்சாகர் 1944-இல் இந்தக் கட்டத்தைத் துல்லியமாகவே தீர்த்துவிட்டார். மாறுநிலை வெப்பநிலை 2.269. அப்படியானால் வெ = 3-இல் நாம் கண்டுபிடித்த 0.7755 முழுக்க முழுக்கத் தவறு. உண்மை விடை பூச்சியம்! ஒரே வரிசையில் நிற்கும் அம்புகளுக்கு இதைவிட மோசம். சராசரிப் புலம் 2 என்கிறது. அங்கே மாறுநிலையே கிடையாது என்று எர்ன்ஸ்ட் ஐசிங் 1925-லேயே காட்டிவிட்டார். முப்பரிமாணக் கனசதுர வலையில் தோராயம் 6, கணினிகள் தரும் மதிப்பு ஏறத்தாழ 4.51. அண்டைகள் கூடக் கூடப் பிழை குறைகிறது. ஒவ்வொன்றும் மற்ற எல்லாவற்றோடும், எண்ணிக்கையால் வகுத்த சிறு வலிமையோடு பிணைந்திருக்கும் அமைப்பில், எண்ணிக்கை முடிவிலியை நெருங்கும்போது பிழை மறைந்தே போகிறது.

ஆகவே உங்கள் அமைப்பில் ஒரு துகளுக்கு எத்தனை அண்டைகள் என்று எண்ணிப் பாருங்கள். நூற்றுக்கணக்கில் இருந்தால் இந்த முதல் படியிலேயே பெரும்பாலும் நின்றுவிடலாம். இரண்டு, மூன்று, நான்கு என்றால் மேலே ஏறியே ஆக வேண்டும்.

இரண்டாம் படி: இணைகளைக் காப்பாற்றுவது

தவறு எங்கே நடந்தது? ஓர் அம்பு தன் அண்டையைத் தன் பக்கம் சாய்க்கிறது. சாய்ந்த அந்த அண்டையின் சராசரியை எடுத்து, அதே அம்பின் மீது புலமாகத் திருப்பிப் போடுகிறோம். அதாவது அம்பின் சொந்தக் குரலே எதிரொலித்து வந்து அதையே நம்பவைக்கிறது. ஒழுங்கு மிகைப்படுவது இதனால்தான். இதைப் புரிந்துகொண்டவருக்கு மருந்தும் புரிந்துவிடும்: அண்டை அம்பு எனக்குச் சொல்லும் செய்தியில் நான் அதற்குச் சொன்னது இருக்கக் கூடாது.

ஹான்ஸ் பெதே 1935-இல் முன்வைத்த தோராயம் இந்தக் கருத்தையே பின்பற்றுகிறது. அண்டை அம்புக்கு நான்கு அண்டைகள். அதில் ஒன்று நான். என்னை விலக்கினால் மூன்று. அந்த மூன்றிடமிருந்து வரும் புலத்தை மட்டும் அது எனக்குக் கடத்த வேண்டும். ஒரு பிணைப்பைத் தாண்டி வரும்போது சிறிய புலம் டான்ஹெச்(1 ÷ வெ) மடங்காகக் குறைகிறது. மூன்று பிணைப்புகள் வழியாக வந்து கூடிய பிறகும் அதே அளவில் தாக்குப்பிடித்தால்தான் ஒழுங்கு நிலைக்கும். எல்லைக் கோடு இது:

3 × டான்ஹெச்(1 ÷ வெ) = 1

தீர்த்தால் வெ = 2.885. முன்பு கிடைத்த 4 எங்கே, இது எங்கே! வெ = 3 இப்போது எல்லைக்கு மேலே போய்விட்டதால் விடை பூச்சியம் என்று சரியாகவே வருகிறது. ஒரே வரிசையில் நிற்கும் அம்புகளுக்கு 3-க்குப் பதில் 1 போடுங்கள்; வெ = 0 என்று துல்லியமான விடை கிடைக்கும். கனசதுர வலைக்கு 5 போட்டால் 4.933. நான்கு அண்டைகளை மூன்றாகக் குறைத்த ஒரே திருத்தம் இத்தனையும் செய்கிறது. எத்தனை முறை செய்து பார்த்தாலும் எனக்கு மகிழ்ச்சி தருகிற கணக்கு இது.

கிளைகள் திரும்பி வந்து ஒன்றோடொன்று சேராத மர வடிவ வலையில் இந்த முறை துல்லியமானது. சதுரக் கட்டத்தில் நான்கு அடி நடந்தால் கிளம்பிய இடத்துக்கே வந்துவிடலாம். மிச்சமிருக்கும் பிழை அந்தச் சுழற்சிகளால் வருவது. கணினி அறிவியலில் இதே முறையை ஜூடியா பேர்ல் 1982-இல் நிகழ்தகவு வலைகளுக்காக முன்வைத்தார். அங்கே நம்பிக்கைப் பரப்பல் என்று பெயர். 5ஜி அலைபேசியில் தரவுகளின் பிழையைத் திருத்தும் குறியீடுகளை அவிழ்ப்பதும் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்த முறைதான். சுழற்சிகள் நீளமாக இருக்கும்படி அந்தக் குறியீடுகளை அமைக்கிறார்கள். ஏன் என்று இப்போது உங்களுக்கே தெரியும்.

காலத்தோடு நகரும் அமைப்பு

வரிசையாக நிற்கும் இடங்களில் நோய் பரவுகிறது என்று கொள்வோம். நோயுள்ள இடம் 1 என்ற வீதத்தில் குணமாகிறது. தன் இரு அண்டைகள் ஒவ்வொன்றுக்கும் ப என்ற வீதத்தில் நோயைத் தருகிறது. ப எவ்வளவு இருந்தால் நோய் அழியாமல் நிற்கும்?

நோயுள்ள இடங்களின் விகிதம் அ. நோயுள்ள இடத்துக்கு வலப்புறம் நலமான இடம் இருக்கும் இணைகளின் விகிதம் எ; இடப்புறமும் அதே அளவு. அமைதி நிலையில் குணமாவதும் தொற்றுவதும் சமம் என்பதால்

அ = 2 × ப × எ

இந்த வரியில் தோராயம் எதுவும் இல்லை. சராசரிப் புலம் வேண்டுமென்றால் எ-யின் இடத்தில் அ × (1 − அ) போடுங்கள்; அ சிறியதாகும்போது எல்லை ப = 0.5 என்று வரும். இணைகளைக் காப்பாற்ற வேண்டுமென்றால் இன்னொரு வரி எழுத வேண்டும். இரு பக்கமும் நோயுள்ள இணைகளின் விகிதம் அ − எ. இரண்டில் ஒன்று குணமானால் இணை உடையும். எல்லையில் இருக்கும் நலமான இடம் நோயுற்றால் புதிய இணை உருவாகும். நோய் மிக அரிதாக இருக்கும் நிலையில், நலமான இடத்தின் மறுபுறத்திலும் நோய் இருப்பதை விட்டுவிடலாம். அப்போது

அ − எ = ப × எ

முதல் வரியை இதில் வைத்தால் ப = 1. கணினி தரும் மதிப்பு 1.6489. ஆக 0.5, 1, 1.6489. ஒரே வரிசையில் துகள்கள் நிற்கும்போது தோராயங்கள் இவ்வளவு திணறும் என்பதை மனத்தில் பதித்துக்கொள்ளுங்கள். பிழை எந்தப் பக்கம் சாய்கிறது என்பதையும் கவனியுங்கள்: உண்மையில் அழிந்துவிடும் நோயை இரண்டு தோராயங்களுமே நிலைத்து நிற்பதாகச் சொல்கின்றன.

மூன்றாம் படி: கணினி

1953-இல் வெளியான மெட்ரோபோலிஸ் முறை இன்றும் நல்ல தொடக்கம். தற்செயலாக ஓர் அம்பைத் தேர்ந்தெடுங்கள். திருப்பினால் ஆற்றல் குறையுமென்றாலோ மாறாதென்றாலோ திருப்பிவிடுங்கள். கூடுமென்றால், e என்ற எண்ணின் −(கூடும் ஆற்றல் ÷ வெ) அடுக்கு என்ற நிகழ்தகவோடு மட்டும் திருப்புங்கள். சதுரக் கட்டத்தில் ஆற்றல் 4 அல்லது 8 மட்டுமே கூட முடியும்; வெ = 3-இல் அந்த நிகழ்தகவுகள் 0.2636, 0.0695. இரண்டையும் முன்பே கணக்கிட்டு வைத்துக்கொண்டால் நிரல் வேகமாக ஓடும்.

நிரல் சரிதானா என்று பார்க்காமல் ஒரு படமும் வரையாதீர்கள். நாலுக்கு நாலு கட்டத்தில் 65,536 நிலைகள்தான். அத்தனையையும் எண்ணிச் சராசரி ஆற்றலைத் துல்லியமாகக் கண்டுபிடித்து, நிரலின் விடையோடு ஒப்பிடுங்கள். பெரிய கட்டத்துக்கு ஆன்சாகரின் தீர்விலிருந்து இன்னொரு சோதனை உண்டு: மாறுநிலை வெப்பநிலையில் ஓர் அம்புக்கான ஆற்றல் −√2, அதாவது −1.414.

சிறிய கட்டத்தில் ம-இன் அளவு ஒருபோதும் பூச்சியமாகாது. பக்கம் 16, 32, 64 என்று மூன்று அளவுகளில் ஓட்டுங்கள். பக்கம் இரட்டிக்கும்போது ம பாதியாகிக்கொண்டே போனால் உண்மை மதிப்பு பூச்சியம். ஏறத்தாழ மாறாமல் நின்றால் ஒழுங்கு இருக்கிறது. எல்லா அம்புகளும் மேல்நோக்கிய நிலையிலிருந்து ஓர் ஓட்டம், கலைந்த நிலையிலிருந்து ஓர் ஓட்டம். இரண்டும் ஒரே இடத்தில் சேரும் வரை எதையும் அளக்காதீர்கள். மாறுநிலைக்கு அருகில் மெட்ரோபோலிஸ் தவழும்: பக்கம் இரட்டித்தால் காத்திருக்க வேண்டிய சுற்றுகள் நான்கு மடங்குக்கும் மேல். அங்கே ஒத்த அம்புகளைக் கூட்டமாகத் திருப்பும் உல்ஃப் முறைக்கு (1989) மாறிவிடுங்கள்.

மறுசெய்கை ஆடத் தொடங்கினால்

அண்டைகள் எதிர்த்து நிற்க விரும்பும் அமைப்பில் முதல் படியின் சமன்பாட்டைப் போட்டால் விடை மேலும் கீழுமாகத் தாவிக்கொண்டே இருக்கும். பழைய மதிப்பில் பாதி, புதியதில் பாதி எடுத்தால் ஆட்டம் நிற்கும் என்று பலரும் சொல்வார்கள். நின்றாலும் பூச்சியத்தில்தான் போய் நிற்கும். அந்த ஆட்டமே ஒரு சேதி. சதுரங்கப் பலகையின் கறுப்பு, வெள்ளைக் கட்டங்களைப் போல் அம்புகள் மாறி மாறி நிற்க விரும்புகின்றன. கறுப்புக்கு ஒரு சராசரி, வெள்ளைக்கு ஒரு சராசரி என்று இரண்டு சமன்பாடுகள் எழுதுங்கள். அதன் பிறகும் ஆடினால் பாதிக்குப் பாதி கலப்பதில் தவறில்லை.

இயந்திரக் கற்றலில் சராசரிப் புலத்தைப் பயன்படுத்துகிறவர்கள் சராசரியை ஓரளவு நம்பலாம். மதிப்புகள் சராசரியைச் சுற்றி எவ்வளவு சிதறுகின்றன என்ற பரவல் அளவை நம்ப வேண்டாம். ஒன்றையொன்று சார்ந்து மாறும் ஒட்டுறவுகளை வெட்டிவிட்டதால் அது உண்மையைவிடக் குறைவாகவே வரும் வாய்ப்பு அதிகம்.

நெடுந்தூரம் எட்டும் விசைகள்

ஈர்ப்பு விசை, மின்விசை போன்றவற்றில் 10 லட்சம் துகள்கள் என்றால் ஏறத்தாழ 50,000 கோடி இணைகள். குறுந்தூர விசையாக இருந்தால் வெளியைச் சிறு அறைகளாகப் பிரித்து, பக்கத்து அறைகளை மட்டும் பார்த்தால் போதும். நெடுந்தூர விசையை அப்படி வெட்டக் கூடாது. ஈர்ப்பு விசை என்றால், தொலைவிலுள்ள கூட்டத்தை அதன் நிறை மையத்தில் ஒற்றைத் துகளாக வையுங்கள். பார்ன்ஸ், ஹட் இருவரும் 1986-இல் தந்த முறை இது. கூட்டம் இருக்கும் அறையின் அகலத்தை அதுவரையுள்ள தூரத்தால் வகுத்தால் வரும் எண் 0.5-க்குக் கீழே இருந்தால் ஒற்றைத் துகளாக வைக்கலாம் என்று தொடங்குங்கள். பிறகு 0.3-க்கு மாற்றி மீண்டும் ஓட்டி, இரண்டு விடைகளின் வேறுபாட்டை உங்கள் பிழையளவாக எழுதிவையுங்கள்.