மோட்டாருக்கு எத்தனை கேவிஏஆர் கெப்பாசிட்டர்?

இழுக்கும் மொத்த மின்திறனில் உண்மையில் வேலை செய்யும் பங்குதான் பவர் ஃபேக்டர். வேலை செய்யாமல் போய்வரும் மின்திறனை அளக்கும் அலகு கேவிஏஆர், கெப்பாசிட்டரின் அளவையும் அதில்தான் சொல்வார்கள். ஹீட்டர் போன்ற வெறும் மின்தடைச் சுமையில் பவர் ஃபேக்டர் 1. மோட்டார் சுருளில் மின்னோட்டம் மின்னழுத்தத்துக்குப் பின்தங்கும், கெப்பாசிட்டரில் முந்தும். அதனால்தான் ஒன்றின் குறையை மற்றொன்று ஈடுகட்டுகிறது.

415 வோல்ட் மூன்று ஃபேஸ் மோட்டார் ஒன்று 8 கிலோவாட் இழுக்கிறது, பவர் ஃபேக்டர் 0.75 என்று வைத்துக்கொள்வோம். 0.95 ஆக்க வேண்டுமானால் கிலோவாட்டை 0.553 ஆல் பெருக்குங்கள் (பவர் ஃபேக்டர் எந்தக் கோணத்தின் கொசைனோ அந்தக் கோணத்தின் டான் மதிப்பு 0.75-க்கு 0.882, 0.95-க்கு 0.329, வித்தியாசம்தான் இது). விடை 4.4 கேவிஏஆர். லைன் கரண்ட் 14.8-லிருந்து 11.7 ஆம்பியராக இறங்கும்.

கடையில் 4.4 என்று கேட்காதீர்கள். கெப்பாசிட்டரில் 440 வோல்ட் என்று அச்சிட்டிருந்தால், 415 வோல்ட்டில் அது 89 சதவீதம்தான் தரும். 5 கேவிஏஆர் வாங்கினால் கையில் கிடைப்பது 4.45.

மோட்டார் முனையிலேயே இணைப்பதாக இருந்தால் முதலில் சுமையில்லாமல் ஓட்டி கிளாம்ப் மீட்டரில் பாருங்கள். 7 ஆம்பியர் என்றால், சுமையில்லாமல் மோட்டார் இழுப்பது சுமார் 5 கேவிஏஆர். கெப்பாசிட்டர் அதில் 90 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. தாண்டினால், சுவிட்சை அணைத்த பிறகும் சுழலும் மோட்டார் ஜெனரேட்டராகி மின்னழுத்தத்தை ஏற்றிவிடும், இன்சுலேஷன் போய்விடும். ஸ்டார்-டெல்டா ஸ்டார்ட்டரில் (சுருள்களின் இணைப்பை மாற்றி மோட்டாரைக் கிளப்பும் வகை) இப்படி மோட்டார் முனையில் வைக்கவே வேண்டாம்.

பலரும் மறப்பது ஓவர்லோடு ரிலே, அதாவது கரண்ட் அளவு மீறினால் மோட்டாரை நிறுத்தும் கருவி. கெப்பாசிட்டர் ரிலேவுக்கும் மோட்டாருக்கும் நடுவே இருந்தால் ரிலே குறைந்த கரண்டையே பார்க்கும். செட்டிங்கையும் அதே விகிதத்தில் குறையுங்கள்.

கெப்பாசிட்டரைத் தொடுமுன் மின்சாரத்தை நிறுத்தி 5 நிமிடம் காத்திருங்கள். பிறகும் மீட்டர் வைத்துப் பார்த்தே தொடுங்கள்.