ராணுவத்தில் இருப்பவரின் ஃபார்ம் 16: எங்கே வாங்குவது, எங்கே தவறுகிறோம்

வேலூர் மாவட்டத்துக் கம்மவான்பேட்டையைப் போல, தெருவுக்குத் தெரு படைவீரர் குடும்பங்கள் இருக்கும் ஊர்கள் தமிழ்நாட்டில் சில உண்டு. அங்கெல்லாம் ஜூன், ஜூலை மாதங்களில் அடிக்கடி கேட்கும் கேள்வி: "ஃபார்ம் 16 வந்துவிட்டதா?" சம்பளக் கணக்கு ஓர் ஊரில், வேலை எல்லையில், குடும்பம் சொந்த ஊரில். இந்த அலைச்சலில் அந்தத் தாள் பலருக்குக் கிடைப்பதே தாமதமாகத்தான். கிடைத்த பிறகும் ஒருமுறைகூடப் படிக்காமல் அப்படியே ஆடிட்டர் கைக்குப் போய்விடுகிறது.

தவறு தொடங்குவது இந்த இடத்தில்தான். ஃபார்ம் 16 என்பது சம்பளம் கொடுத்த அலுவலகம் தனக்குத் தெரிந்ததை எழுதித் தரும் சான்று. நீங்கள் வாங்கும் இன்னொரு பென்ஷன், வங்கி வட்டி, ஆண்டின் நடுவில் மாறிய வேலை எதுவும் அதற்குத் தெரியாது. தெரியாததைச் சேர்த்துச் சொல்லும் பொறுப்பு சம்பளம் வாங்குபவருடையது. கீழே வரும் தவறுகளில் பெரும்பாலானவை இதை மறப்பதால் வருபவை. இங்கே சொல்லும் தொகைகள் 2025-26 நிதியாண்டுக்கானவை. புதிய வருமான வரிச் சட்டம் 2026 ஏப்ரல் 1 முதல் நடப்புக்கு வந்தாலும், அந்த ஆண்டுக் கணக்கு 1961ஆம் ஆண்டுச் சட்டத்தின்படிதான்.

யூனிட் கிளர்க்கையே நம்பி இருப்பது

தரைப்படையில் ஜவான், ஜேசிஓ (சுபேதார் போன்ற இளநிலை அதிகாரி) ஆகியோரின் சம்பளக் கணக்கு யூனிட்டில் இல்லை. அவரவர் ரெஜிமென்டின் ரெக்கார்ட் ஆபீஸோடு இணைந்த பிஏஓ (ஓஆர்) என்னும் பே அக்கவுண்ட்ஸ் ஆபீஸில் இருக்கிறது. மெட்ராஸ் ரெஜிமென்ட் என்றால் குன்னூர் பக்கத்து வெலிங்டன்; மெட்ராஸ் இன்ஜினியர் குரூப் என்றால் பெங்களூரு. போஸ்டிங் அருணாசலத்துக்குப் போனாலும் ராஜஸ்தானுக்குப் போனாலும் இந்த அலுவலகம் மாறுவதில்லை. அதிகாரிகளுக்குப் புனேயில் உள்ள பிசிடிஏ (ஓ) என்னும் கணக்கு அலுவலகம், கடற்படைக்கு மும்பையின் நேவல் பே ஆபீஸ், விமானப்படைக்கு டெல்லி சுப்ரோதோ பார்க்கில் உள்ள ஏஎஃப்சிஏஓ என்னும் கணக்கு அலுவலகம். ஓய்வு பெற்றவருக்கு 'ஸ்பர்ஷ்' என்னும் பென்ஷன் இணையதளம்.

ஜவான்கள் 'ஹம்ராஸ்' செயலியிலேயே மாதாந்திர பே ஸ்லிப்பையும் ஃபார்ம் 16ஐயும் எடுத்துக்கொள்ளலாம். அந்தச் செயலியை அரசு சொல்லும் இடத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். வாட்ஸ்அப்பில் யாரோ அனுப்பும் கோப்பைத் தொடாதீர்கள். ராணுவத்தாருக்கு இது வரிக் கணக்கை விடப் பெரிய விஷயம். அதேபோல் ஃபார்ம் 16ஐ லோன் ஏஜென்ட்டுக்கும் குரூப்களுக்கும் அனுப்பி வைப்பது வேண்டாம். உங்கள் பான் எண், சம்பளம், பணி விவரம் எல்லாம் அந்த ஒரே கோப்பில் இருக்கின்றன.

நிதியாண்டு முடிந்து ஜூன் 15க்குள் ஃபார்ம் 16 தரப்பட வேண்டும் என்பது விதி. ஆனால் வரியே பிடிக்கப்படாதவருக்கு அதைத் தரும் கட்டாயம் அலுவலகத்துக்கு இல்லை. புதிய வரி முறை (விகிதம் குறைவு, ஆனால் பெரும்பாலான விலக்குகள் இல்லை) வந்த பிறகு பல ஜவான்களுக்குப் பிடித்தம் இல்லாமல் போனதால், "எனக்கு மட்டும் வரவில்லையே" என்ற கவலை கூடியிருக்கிறது. 12 மாத பே ஸ்லிப் இருந்தால் ரிட்டர்ன் போட அது போதும். மத்திய அரசில் மார்ச் சம்பளம் ஏப்ரலில்தான் கைக்கு வரும் என்பதால், மார்ச் முதல் பிப்ரவரி வரையிலான ஸ்லிப்புகளை எடுங்கள். ஏப்ரலிலிருந்து மார்ச் என்று கூட்டிவிட்டு, தொகை ஒத்துப்போகவில்லை என்று குழம்புகிறவர்கள் பலர்.

வரி இல்லை என்றால் ரிட்டர்னும் வேண்டாம் என்ற எண்ணமும் தவறு. 12 லட்சம் வரை வரி வராமல் போவது 87ஏ பிரிவின் தள்ளுபடியால். புதிய முறையில் வருமானம் 4 லட்சத்தைத் தாண்டினாலே தாக்கல் செய்தாக வேண்டும்.

கணக்கில் விழுந்த தொகையைச் சம்பளமாக எழுதுவது

ஃபார்ம் 16இல் இரண்டு பகுதிகள். பகுதி ஏ, எந்தக் காலாண்டில் எவ்வளவு வரி பிடித்து அரசுக்குக் கட்டப்பட்டது என்பதைச் சொல்லும். அது வருமான வரித்துறையின் 'ட்ரேசஸ்' தளத்திலிருந்து வருவது. பகுதி பி, சம்பளத்தைப் பிரித்துக் காட்டி வரியைக் கணக்கிடுவது.

பகுதி பியின் முதல் வரியில் இருக்கும் மொத்தச் சம்பளத்தைப் பார்த்து, "இவ்வளவு நான் வாங்கவே இல்லையே" என்று பலர் திகைப்பார்கள். வங்கியில் விழுவது ஏஎஃப்பிபி என்னும் படையினர் சேமநிதி, குழுக் காப்பீடு, குவார்ட்டர்ஸ் கட்டணம் எல்லாம் போன மிச்சம். வரிக்கு எடுப்பது அவை போவதற்கு முந்தைய தொகை. ராணுவ சேவைக்காகத் தரும் எம்எஸ்பியும், ஜவான்களுக்கு மாதம் 5,200, பிரிகேடியர் வரையிலான அதிகாரிகளுக்கு 15,500, முழுக்க வரிக்கு உட்பட்டது. அது சலுகைத் தொகை என்று நினைத்துக் கழித்துவிடக் கூடாது. அக்னிவீரர்களுக்கு இந்த இடைவெளி இன்னும் பெரிது. முதல் ஆண்டில் மாதம் 30,000 என்று கணக்கு. 9,000 நிதிக்குப் போக, கைக்கு 21,000.

பகுதி ஏவை வருமான வரித் தளத்தில், உங்கள் பான் எண்ணில் பதிவான வரியைக் காட்டும் 26ஏஎஸ் அறிக்கையோடு ஒப்பிட்டுப் பாருங்கள். இதைச் செய்யாமல் ரிட்டர்ன் போட்டால், பிடித்த வரி அங்கே பதிவாகாமல் இருந்தால், கட்டிய பணத்துக்கே மறுபடி கேட்டு நோட்டீஸ் வரும். பெரும்பாலும் பான் எண் தவறாக ஏறியிருக்கும், அல்லது அலுவலகம் காலாண்டுக் கணக்கைத் திருத்த வேண்டியிருக்கும். பிஏஓவுக்கு எழுத்தில் கேளுங்கள், பே ஸ்லிப்பை இணையுங்கள். சம்பளத்தில் பிடித்துவிட்ட வரியை ஊழியரிடமே மீண்டும் கேட்கக் கூடாது என்று 205ஆவது பிரிவு சொல்கிறது. நோட்டீஸுக்குப் பதில் எழுதும்போது அதைக் குறிப்பிடத் தயங்க வேண்டாம்.

பே ஸ்லிப்பிலேயே தவறு இருந்தால் கதை வேறு. போஸ்டிங், வீட்டு வாடகைப் படி, பிள்ளைகள் கல்விப் படி எல்லாம் யூனிட் வெளியிடும் பார்ட் டூ ஆர்டர் வழியாகத்தான் சம்பளக் கணக்கில் ஏறும். அந்த ஆர்டர் தாமதமானால் ஃபார்ம் 16ம் தவறாகத்தான் வரும். அங்கே யூனிட் கிளர்க்கைத்தான் பிடிக்க வேண்டும்.

ஃபீல்டு அலவன்ஸுக்கு வரியே இல்லை என்று நம்புவது

இதுதான் பேரக்கில் அதிகம் சுற்றும் பாதி உண்மை. பழைய வரி முறையில், எல்லையிலும் கடினமான இடங்களிலும் பணிபுரிவோருக்குத் தரும் இந்தப் படிகளுக்கு விலக்கு உண்டு. ஆனால் வருமான வரி விதி 2பிபி ஒவ்வொன்றுக்கும் உச்சவரம்பு வைத்திருக்கிறது: ஃபீல்டு ஏரியா படிக்கு மாதம் 2,600 ரூபாய், மாடிஃபைடு ஃபீல்டுக்கு 1,000, கிளர்ச்சி ஒடுக்கும் பணிக்கு 3,900, உயரமான மலைப் பணிக்கு 9,000 முதல் 15,000 அடி வரை 1,060, அதற்கு மேல் 1,600, சியாச்சினுக்கு 7,000. இந்த வரம்புகள் பல ஆண்டுகளாகப் பெரிதாக நகரவில்லை. படிகளோ ஏழாவது ஊதியக் குழுவுக்குப் பின் பல மடங்காகிவிட்டன. சியாச்சினில் ஒரு ஜவானுக்கு அந்தக் குழுவை ஒட்டி நிர்ணயித்த படி மாதம் 30,000. அதில் 7,000 போக மீதிக்கு வரி. உறைபனியில் நிற்பவருக்கான விலக்கை இந்த அளவில் விட்டுவைத்திருப்பது நியாயமில்லை என்றே நான் நினைக்கிறேன்.

2023-24 முதல் இயல்பாகப் பொருந்தும் புதிய முறையில் இந்த விலக்குகள் கிடையாது. நீங்கள் எதுவும் சொல்லாவிட்டால் பிஏஓ புதிய முறையில்தான் வரி பிடிக்கும். ஃபார்ம் 16இல் விலக்குக்கான கட்டம் காலியாக இருக்கும். அதைப் பார்த்துப் பதறி, "அலவன்ஸைக் கழிக்கவில்லை, ஏமாற்றிவிட்டார்கள்" என்று பழைய முறைக்கு மாறுகிறவர்கள் கணக்கைப் போட்டுப் பார்ப்பதில்லை. ஃபீல்டு படிக்கான விலக்கு ஆண்டு முழுவதற்கும் 31,200 ரூபாய்தான். புதிய முறையில் சம்பளக்காரர் எல்லாருக்கும் கிடைக்கும் 75,000 நிலைக் கழிவையும் (ஸ்டாண்டர்டு டிடக்‌ஷன்) சேர்த்தால் 12,75,000 வரை சம்பளத்துக்கு வரி வராது. பெரும்பாலான ஜவான்களின் சம்பளம் அதற்குள் அடங்கிவிடும். வீட்டுக் கடன் வட்டி, முழு 80சி சேமிப்பு என்று பெரிய கழிவுகளோடு வருமானமும் அந்த வரம்பைத் தாண்டியவருக்குத்தான் பழைய முறையை யோசிக்க இடம் உண்டு.

பிஏஓவிடம் எதைச் சொல்லியிருந்தாலும் ரிட்டர்ன் போடும்போது முறையை மாற்றிக்கொள்ளலாம். ஒரே நிபந்தனை, கெடு தேதிக்குள் போட வேண்டும். வழக்கமாக ஜூலை 31. தாமதமாகப் போடும் ரிட்டர்னில் பழைய முறையைத் தேர்ந்தெடுக்க வழியில்லை. நெட்வொர்க் இல்லாத போஸ்ட்டுக்குப் போகிறவர்கள் இதை லீவிலேயே முடித்துவிட்டுப் போவது நல்லது.

ஓய்வு பெறும் ஆண்டு

என் பார்வையில் பணத்தை அதிகம் விழுங்குவது இந்தத் தவறுதான். ஓய்வு பெறும் ஆண்டில் ஒருவருக்கு பிஏஓவிடமிருந்து ஒன்று, ஸ்பர்ஷிலிருந்து ஒன்று, வங்கியிலோ தனியார் பாதுகாப்பு நிறுவனத்திலோ சேர்ந்தால் அங்கிருந்து ஒன்று என மூன்று ஃபார்ம் 16 வரலாம். ஒவ்வோர் அலுவலகமும் தான் ஒருவரே பணம் தருவதாக எண்ணித் தனித்தனியாக வரியில்லாத முழு வரம்பையும் நிலைக் கழிவையும் கொடுத்துவிடும்.

கற்பனையாக ஒரு சுபேதாரை எடுத்துக்கொள்வோம். ஓய்வு வரை சம்பளம் 8 லட்சம், பிறகு பென்ஷன் 2.5 லட்சம், புது வேலையில் 3.5 லட்சம். மூன்று தாளிலும் வரி பூஜ்யம். கூட்டினால் 14 லட்சம்; நிலைக் கழிவு ஒரே ஒருமுறைதான், 75,000. மீதி 13,25,000. புதிய முறையில் இதற்கு வரி 78,750, செஸ் சேர்த்து 81,900 ரூபாய். ஒருவரும் மாதாமாதம் பிடிக்காததால் அட்வான்ஸ் வரி கட்டவில்லை என்று வட்டியும் ஏறும். மறைத்துவிட்டுத் தப்ப முடியாது. மூன்று வருமானமும் ஆண்டுத் தகவல் அறிக்கையான ஏஐஎஸ்ஸில் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும்.

புது வேலையில் சேர்ந்த மாதமே 12பி படிவத்தில் பழைய சம்பளத்தைத் தெரிவித்துவிட்டால், அவர்கள் சேர்த்துக் கணக்கிட்டுப் பிடிப்பார்கள். ஓய்வின்போது வரும் கிராஜுவிட்டி, லீவுப் பணம், பென்ஷனில் ஒரு பகுதியை முன்கூட்டி மொத்தமாக வாங்கும் கம்யூடேஷன் தொகை ஆகியவை அரசுப் பணியில் இருந்தவருக்கு வரிக்கு வராது. அவற்றைச் சேர்த்துக் கலங்க வேண்டாம்.

பென்ஷனில் மூன்று சங்கதிகள் தனியாகப் பார்க்க வேண்டியவை. பரம்வீர், மகாவீர், வீர் சக்ரா பெற்றவரின் பென்ஷனுக்கு வரி இல்லை. போர் நடவடிக்கையில் உயிர் நீத்தவரின் குடும்ப பென்ஷனுக்கும் இல்லை. ஆனால் ஊனமுற்றோர் பென்ஷனை எல்லாரும் விலக்கில் எழுதிவிடுவது ஆபத்து. உடல் குறையால் பணியிலிருந்து விடுவிக்கப்பட்டவருக்கே அந்த விலக்கு, பணிக்காலம் முடிந்து ஓய்வு பெற்றவருக்கு இல்லை என்று நேரடி வரிகள் வாரியம் 2019 ஜூன் 24 அன்று சுற்றறிக்கை விட்டது. அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம்வரை வழக்குப் போனது. ரிட்டர்னில் எழுதுமுன் பிபிஓவில் (பென்ஷன் வழங்கும் ஆணை) எப்படி விடுவிக்கப்பட்டதாகப் பதிவாகியிருக்கிறது என்று பாருங்கள்.

அரியர்ஸ் மொத்தமாக வந்த ஆண்டிலும் கவனம் வேண்டும். பதவி உயர்வு அரியர்ஸோ ஓஆர்ஓபி (ஒரே பதவிக்கு ஒரே பென்ஷன்) அரியர்ஸோ பழைய ஆண்டுகளுக்கு உரியது என்றால் 89ஆவது பிரிவில் நிவாரணம் உண்டு. ரிட்டர்னுக்கு முன்பே 10ஈ படிவத்தை இணையத்தில் போட்டிருக்க வேண்டும். அதை விட்டுவிட்டு நிவாரணத்தை மட்டும் எழுதினால் தள்ளிவிடுவார்கள்.

"ரீஃபண்ட் வாங்கித் தருகிறேன்" என்பவரிடம் ஒப்படைப்பது

பிடித்த வரி முழுவதையும் திரும்ப வாங்கித் தருவதாகச் சொல்லி, வருவதில் இவ்வளவு சதவீதம் கமிஷன் கேட்கும் ஆட்கள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள். குவார்ட்டர்ஸில் இருப்பவருக்கு வாடகை ரசீது, கொடுக்காத கட்சி நன்கொடை, எடுக்காத கல்விக் கடன் என்று எழுதி ரீஃபண்ட் வரவழைப்பார்கள். 2025 ஜூலை 14 அன்று இப்படிப்பட்ட பொய்க் கழிவுகள் தொடர்பாக நாடு முழுவதும் 150 இடங்களில் வருமான வரித்துறை சோதனை நடத்தியது. தமிழ்நாடும் அதில் இருந்தது. அதற்கு முந்தைய நான்கு மாதங்களில் சுமார் 40,000 பேர் ரிட்டர்னைத் திருத்தி 1,045 கோடி ரூபாய் பொய்க் கோரிக்கைகளைத் திரும்பப் பெற்றதாகவும் துறை சொன்னது. கமிஷன் வாங்கியவர் போய்விடுவார். வரி, வட்டி, அபராதம் உங்கள் பான் எண்ணில் நிற்கும். சீருடையில் இருப்பவருக்கு அதோடு முடியும் என்றும் சொல்ல முடியாது.

இதே ஆட்கள் வருமான வரித் தளத்தில் தங்கள் மின்னஞ்சலையும் கைபேசி எண்ணையும் பதிந்துவைப்பது வழக்கம். நோட்டீஸ் அவர்களுக்குப் போகும், உங்களுக்குத் தெரியவே வராது. நேர்மையான ஆடிட்டரிடம் வேலையைக் கொடுத்தாலும் உங்கள் எண்ணையே பதியச் சொல்லுங்கள். போஸ்ட்டில் கைபேசிக்குத் தடை இருந்தால் மனைவியின் எண்ணையோ பெற்றோரின் எண்ணையோ கொடுங்கள். ரிட்டர்ன் போட்ட 30 நாளுக்குள் ஆதார் ஓடிபி வழியாக அதை உறுதிசெய்யவும் வேண்டும். அந்த ஓடிபி ஆதாரில் இணைத்த எண்ணுக்குத்தான் வரும். எனவே லீவு முடிந்து ரயில் ஏறுவதற்கு முன்பே உறுதிசெய்து, ஒப்புகைச் சீட்டின் ஒரு நகலை வீட்டில் கொடுத்துவிட்டுக் கிளம்புங்கள்.